நாடா உதிர்ந்த கோடைக்காலம்



போன மாதம் அப்பாவின் குரல் இருக்கும் கேசட்டைப் போட்டேன். 1986-ல் திண்ணையில் உட்கார்ந்து, நம் குடும்பம் ஊர் மாறி வந்த கதையை அவர் சொன்னது. பத்து நிமிடம் ஓடியதும் டேப் ரெக்கார்டரின் ஹெட்டில் பழுப்புத் தூள். பதறிப்போய் நிறுத்தினேன். பேரன் பார்த்துவிட்டு, "தாத்தா, இந்தத் தூளை வைத்தே ஒரு ஆல்பம் வந்திருக்கு" என்று ஹெட்போனை மாட்டிவிட்டான்.

ஆல்பத்தின் பெயர் 'தி டிஸின்டக்ரேஷன் லூப்ஸ்'. செய்தவர் வில்லியம் பசின்ஸ்கி என்ற அமெரிக்கர். 1980-களின் தொடக்கத்தில், வானொலியில் வந்த மெல்லிசையிலிருந்து சில நொடித் துணுக்குகளைப் பதிவு செய்து, நாடாவின் இரு முனைகளையும் ஒட்டி வளையமாக்கி வைத்திருந்தார். 2001 கோடையில், நியூயார்க்கின் புரூக்ளின் பகுதியில், அவற்றை டிஜிட்டலாக மாற்றத் தொடங்கினார். வளையம் சுற்றச் சுற்ற, நாடாவின் மேல் பூசிய இரும்பு ஆக்சைடு உதிர்ந்தது. ஒலி பதிந்திருப்பதே அந்தப் பூச்சில்தான். அவர் நிறுத்தவில்லை, உதிர்வதையும் சேர்த்தே பதிவு செய்தார். முதல் பகுதி மட்டும் 63 நிமிடம். ஒரே மெட்டு, கொஞ்சம் கொஞ்சமாக ஓட்டை விழுந்து, மௌனமாகிறது.

அந்த ஆண்டு செப்டம்பர் 11 அன்று, தன் வீட்டு மொட்டைமாடியிலிருந்து இரட்டைக் கோபுரங்கள் எழுப்பிய புகையை அவர் படம் பிடித்தார். இந்த இசையை அன்று இறந்தவர்களுக்குக் காணிக்கையாக்கினார்.

இதில் ஒரு வரலாற்றுப் பொருத்தம் உண்டு. ஒலியைத் துளியும் இழக்காமல் சுருக்கி வைக்கும் 'ஃபிளாக்' கோப்பு முறையின் முதல் முழுப் பதிப்பு வெளிவந்ததும் அதே 2001 ஜூலையில்தான். சிடியில் ஒரு நொடி ஒலி 44,100 மாதிரிகளாகப் பதிகிறது. 128 கேபிபிஎஸ் எம்பி3 அதை ஏறக்குறைய 11-ல் ஒரு பங்காக்கிவிடும். காது கவனிக்காது என்று கணக்கிட்டதைத் தள்ளிவிடும். ஃபிளாக் எதையும் தள்ளாது.

இரண்டையும் கேட்டேன். உண்மையைச் சொன்னால், என் 71 வயதுக் காதுக்குப் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. பேரனோ, கடைசிப் பகுதியின் மெல்லிய சரசரப்பு எம்பி3-ல் மங்குகிறது என்றான். வகுப்பில் உங்களுக்குச் சொன்னதுதான் நினைவுக்கு வந்தது: நமக்குப் பயன் தெரியவில்லை என்பதற்காக ஒரு சான்றைத் தூக்கி எறியக் கூடாது. அடுத்து வருபவனுக்கு அது தெரியலாம்.

அப்பாவின் கேசட்டை, பழைய நாடாக்களை மாற்றித் தருபவரிடம் கொடுத்து, ஒரே முறை ஓட்டி ஃபிளாக்கில் பதிவு செய்துவிட்டேன். ஆனால் அப்பாவின் பாட்டி பிறந்த ஊரைச் சொல்லும் இடத்தில் வெறும் இரைச்சல்தான். போனது போனதுதான், எந்தக் கோப்பும் அதை மீட்காது.

உங்கள் வீட்டுப் பரணில் கேசட் இருந்தால் இந்த மாதமே எடுத்துப் பாருங்கள். உறவினர்களில் யாருக்காவது அந்த ஊர்ப் பெயர் தெரிந்தால், தயவுசெய்து கீழே எழுதுங்கள்.