மூன்று மொழி பேசும் ஒரு கல்

ஒரு நாட்டின் வரலாற்றை அறிய நூல்களைப் படிப்பது ஒரு வழி. அந்நாட்டின் அருங்காட்சியகத்தைச் சுற்றிப் பார்ப்பது மற்றொரு வழி. நூலாசிரியர் தமக்கு உவப்பானதை விரித்துரைத்து, உவப்பில்லாததை ஒளித்துவிடலாம். கல்லும் செம்பும் பொய் சொல்லா என்று நாம் எண்ணுகிறோம். இவ்வெண்ணம் ஓரளவுக்கே உண்மை. கல்லும் சிலவற்றைச் சொல்லும், சிலவற்றைச் சொல்லாது விடும். அது சொல்லாததையும் சேர்த்துப் படிப்பவனுக்கே வரலாறு விளங்கும். இதற்குக் கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தைவிடச் சிறந்த சான்று தேட வேண்டியதில்லை.

இலங்கைத் தமிழர் 'நூதனசாலை' என்று அழைக்கும் இக்காட்சியகம், ஆங்கில ஆளுநர் சர் வில்லியம் கிரகரியின் முயற்சியால் 1877ஆம் ஆண்டு ஜனவரி முதல் நாள் திறக்கப்பட்டது. வரைபடம் அமைத்தவர் ஜேம்ஸ் ஸ்மிதர் என்னும் கட்டடக் கலைஞர். அதனைக் கட்டி எழுப்பியவரோ ஒரு முஸ்லிம் பெருமகனார். அரசி மரைக்கார் வாப்பிச்சி மரைக்கார் என்பது அவர் பெயர். கட்டடத்தின் எழிலைக் கண்டு மகிழ்ந்த ஆளுநர், என்ன பரிசு வேண்டும் என்று அவரைக் கேட்டாராம். தமக்கென எதுவும் வேண்டாமல், ஜும்ஆ நாளான வெள்ளிக்கிழமைதோறும் காட்சியகத்தை மூடி வைத்தால் போதும் என்றாராம் மரைக்கார். இச்செய்தியை இலங்கை முஸ்லிம்கள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வருகின்றனர். காட்சியகமும் நெடுங்காலம் வெள்ளிக்கிழமைகளில் மூடப்பட்டே இருந்தது.

இக்கட்டடத்தினுள்ளே நாம் நின்று பார்க்க வேண்டிய பொருள்கள் பல. அவற்றுள் தலையாயது ஒரு கல்வெட்டு. சீனம், தமிழ், பாரசீகம் என்னும் மூன்று மொழிகள் அதில் பொறிக்கப்பட்டுள்ளன. அதில் காணும் சீன நாட்கணக்கு 1409ஆம் ஆண்டு பிப்ரவரியைக் குறிக்கிறது. மிங் பேரரசர் யோங்லோவின் ஆணைப்படி சீனத்திலேயே செதுக்கப்பட்டு, கப்பலில் ஏற்றிக் காலித் துறைமுகத்துக்குக் கொண்டுவரப்பட்ட கல் இது. கொண்டுவந்த கடற்படைத் தலைவர் செங் ஹோ, சீனத்தின் யுன்னான் மாநிலத்தில் ஒரு முஸ்லிம் குடும்பத்தில் பிறந்தவர். அவருடைய தந்தையும் பாட்டனாரும் ஹாஜி என்று அழைக்கப்பட்டவர்கள்.

அக்கல் சொல்லும் செய்தி வியப்புக்குரியது. சீனப் பகுதி புத்தபெருமானுக்குப் பேரரசர் அளித்த காணிக்கையைச் சொல்கிறது. தமிழ்ப் பகுதி, தேவேந்திரமுனையில் கோயில் கொண்டிருந்த தென்னாவரை நாயனாருக்கு அளித்ததைச் சொல்கிறது. பாரசீகப் பகுதி மிகவும் தேய்ந்து போயிருப்பினும், அல்லாஹ்வின் பெயரால் அளிக்கப்பட்டதை அது குறிப்பது தெரிகிறது. பொன் 1,000, வெள்ளி 5,000, பட்டு, நறுமண எண்ணெய் என்று செல்லும் பட்டியல் மூன்றிலும் ஏறத்தாழ ஒன்றே! ஒருவருக்கு மிகுதி, மற்றவருக்குக் குறைவு என்னும் பேச்சுக்கு இடமில்லை.

இதிலிருந்து நாம் அறிவதென்ன? காலித் துறைமுகத்தில் வணிகம் செய்ய வந்தவர் எவரும் அங்குள்ள மூன்று சமுதாயங்களையும் மதித்தே ஆகவேண்டும் என்ற நிலை 600 ஆண்டுகளுக்கு முன்பே இருந்தது. அக்கடற்கரையில் தமிழ் வழங்கியது. பாரசீகம் அறிந்த முஸ்லிம் வணிகர் இருந்தனர். இதனை எந்தச் சமயத்தாரும் தம் பெருமைக்காகப் பின்னாளில் எழுதி வைக்கவில்லை. அயல்நாட்டுப் பேரரசர் ஒருவர் தம் தேவைக்காகச் செதுக்கியது. ஆகவே இச்சான்றின் எடை பெரிது.

ஆனால், கல் சொல்லாதது ஒன்றும் உண்டு. காணிக்கை கொண்டுவந்த அதே கப்பற்படை, அதே பயணத்தில் இலங்கையில் போரும் புரிந்தது. அழகக்கோனார் மரபைச் சேர்ந்த ஆட்சியாளரைச் சிறைபிடித்து, 1411இல் சீனத்துக்குக் கொண்டு சென்றது. கல்லை மட்டும் படிப்பவன் நட்பைக் காண்பான். போரை மட்டும் படிப்பவன் பகையைக் காண்பான். இரண்டும் உண்மையே.

கல்லுக்கு நேர்ந்த கதியும் எண்ணத்தக்கது. அது போற்றிய தென்னாவரைக் கோயிலைப் போர்த்துக்கீசியர் 1588இல் இடித்துத் தகர்த்தனர். கல்லும் மக்கள் நினைவினின்று மறைந்தது. 1911ஆம் ஆண்டில் அது மீண்டும் கண்டெடுக்கப்பட்டபோது, காலி நகரில் ஒரு வாய்க்காலுக்கு மூடியாகக் கிடந்தது! மூன்று சமயங்களுக்கும் ஒரே கையால் காணிக்கை எழுதிய கல்லின் மீது, அதனை அறியாமலே மனிதர் நடந்து சென்றிருக்கின்றனர்.

அதே காட்சியகத்தில் கண்டி அரசர்களின் அரியணையும் இருக்கிறது. ஒல்லாந்தர் 1693இல் அரசருக்கு அன்பளிப்பாகத் தந்தது அது. 1815இல் கண்டி வீழ்ந்ததும் ஆங்கிலேயர் அதனை இங்கிலாந்துக்கு எடுத்துச் சென்றனர். அதில் கடைசியாக அமர்ந்த ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கரோ நம் வேலூர்க் கோட்டையில் கைதியாக வைக்கப்பட்டு, 1832இல் உயிர் நீத்தார். அரியணை வின்ட்சர் அரண்மனையில், அரசர் வேலூரில்! 1934இல் அரியணை தாயகம் திரும்பியது, அரசர் திரும்பவில்லை. 1765இல் ஒல்லாந்தர் கண்டியிலிருந்து கொள்ளையிட்டுச் சென்ற அணிமிகு சிறு பீரங்கியும் 2023இல்தான் நெதர்லாந்திலிருந்து திருப்பித் தரப்பட்டது. எனவே, பொருள் எங்கே இருக்கிறது என்பதோடு, எந்த வழியாக அங்கே வந்தது என்பதையும் கேட்க வேண்டும். அந்த வழியே பெரும்பாலும் அந்நாட்டின் வரலாறு.

இனி நம் இல்லங்களைப் பார்ப்போம். பரணிலே கிடக்கும் அரபுத் தமிழ் ஏடு, பாட்டனாரின் கப்பல் கணக்கு, பழைய நிக்காஹ் பதிவேடு, பாட்டி வைத்திருந்த செப்புப் பாத்திரம் இவையெல்லாம் யாருடையவை என்று நம் பிள்ளைகளுக்குத் தெரியுமா? கறையான் அரித்த தாள் என்று கருதி எத்தனை ஏடுகளை நாம் கிணற்றிலும் ஆற்றிலும் விட்டிருக்கிறோம்! ஒரு துண்டுத் தாளில் பெயரும் ஊரும் ஆண்டும் எழுதி அவற்றோடு வைத்தால் போதும். நாளைய ஆராய்ச்சியாளனுக்கு அதுவே விளக்காகும்.

வாப்பிச்சி மரைக்கார் கட்டிய மாளிகையில் செங் ஹோவின் கல் பத்திரமாக நிற்கிறது. நம் வீட்டு வாய்க்காலின் மேல் எந்தக் கல் கவிழ்ந்து கிடக்கிறது என்பதைப் புரட்டிப் பார்க்கும் பொறுப்பு நம்முடையது.