கொக்கிரகுளத்துக்கு ஏன் போனாங்க?

ஊர்வலம்னு பேச்சு வந்தாலே நம்மகிட்ட ரெண்டு பதில் ரெடியா இருக்கும். ஒண்ணு, "யாரோ தூண்டிவிட்டாங்க". இன்னொண்ணு, "பிரியாணிக்கும் காசுக்கும் போறாங்க". 1999 ஜூலை 23-ஐ வச்சு இந்த ரெண்டையும் சோதிச்சுப் பார்ப்போம்.

அப்போ தென்காசி தனி மாவட்டம் கிடையாது, ஆனது 2019-ல. குற்றாலத்துக்காரங்க கலெக்டர்கிட்ட மனு கொடுக்கணும்னாலும் திருநெல்வேலி கொக்கிரகுளத்துக்குத்தான் பஸ் ஏறணும். நம்ம மலைத்தொடர்லயே தெற்கே இருக்குற மாஞ்சோலை எஸ்டேட் தொழிலாளர்களும் அங்கதான் போனாங்க.

அது சிங்கம்பட்டி ஜமீன்கிட்ட இருந்து 99 வருஷக் குத்தகைக்கு வந்த காடு. அதுல பாம்பே பர்மா கம்பெனியோட தேயிலைத் தோட்டம். வேலையும் கம்பெனியோடது, குடியிருக்குற லைன் வீடும் கம்பெனியோடது. வேலை போனா கூரையும் போயிடும். அப்படியும் கூலி உயர்வு கேட்டுப் போராடி, 600 பேருக்கு மேல ஜெயிலுக்குப் போனாங்க; அதுல பெண்களும் உண்டு. அவங்களை விடுதலை செய்யணும்னுதான் ஜூலை 23 ஊர்வலம். புதிய தமிழகம், தமாகா உள்ளிட்ட கட்சிகளோட தலைவர்கள் முன்னால போனாங்க என்பது உண்மை.

ஆனா தலைவர் கூப்பிட்டா மட்டும் போதுமா? 1964-ல அமெரிக்காவின் மிசிசிப்பியில கறுப்பின மக்களை வாக்காளரா பதிவு செய்யப் போன தன்னார்வலர்களை டக் மெக்ஆடம் என்ற சமூகவியலாளர் ஆராய்ந்தார். போனவங்களுக்கும், பேர் கொடுத்துட்டுப் பின்வாங்கினவங்களுக்கும் கொள்கையில பெரிய வித்தியாசம் இல்ல. போறவங்கள்ல தனக்கு நெருக்கமானவங்க இருந்தாங்களா என்பதுதான் முக்கியமான வித்தியாசம்.

லைன் வீட்டுல அந்த நெருக்கம் இன்னும் அதிகம். பக்கத்து வீட்டு அக்கா ஜெயில்ல இருக்கும்போது கதவைச் சாத்திக்கிட்டு இருக்க முடியாது. வீட்டைக் காட்டி மிரட்ட வசதியா இருந்த அதே ஏற்பாடுதான் அவங்களைச் சேர்த்தும் வச்சது. கைக்குழந்தையோட வந்தவங்களும் இருந்தாங்க. அடிதடிக்குக் கிளம்புறவங்க அப்படி வர மாட்டாங்க.

கலெக்டர் ஆபீஸ் பக்கத்துல போலீஸ் தடியடி நடத்துச்சு. கூட்டம் தாமிரபரணிக்குள்ள ஓடுச்சு. 17 பேர் இறந்தாங்க. அதுல ரெண்டு பெண்கள், ஒன்றரை வயசுக் குழந்தை ஒண்ணு.

2028-ல குத்தகை முடியுது. 2024-லயே விருப்ப ஓய்வு கொடுத்து ஆட்களை இறக்க ஆரம்பிச்சாச்சு. லைன் வீட்டுக்காரங்க பலர் இப்போ ஆளுக்கொரு ஊர்ல. ஆனாலும் ஒவ்வொரு ஜூலை 23-லயும் அந்த ஆத்துல பூ போட ஆட்கள் வர்றாங்க. அவங்களை யார் தூண்டிவிட்டாங்கன்னு கேட்டா, 17 பேரைத்தான் சொல்லணும்.