ஜோகூரில் ஒட்டுக் கலை

"ஒட்டு" என்னும் சொல்லைத் தமிழர் இருவேறு மனத்துடன் வழங்குகின்றனர். "வெறும் ஒட்டுவேலை" என்றால் அது உறுதியற்றது, ஒருநாள் ஒப்பேற்றியது என்பது கருத்து. ஒட்டுப்போட்ட துணி வறுமையின் அடையாளம். ஆனால் ஒட்டு மாங்கனி என்றால் சந்தையில் அதற்குத் தனி விலை! அணியிலக்கணத்திலும் இச்சொல் இடம்பெற்றுள்ளது. கருதிய பொருளை மறைத்து, அதனையொத்த வேறொன்றைக் கூறி முன்னதை உணர்த்துவதை ஒட்டு என்னும் அணியாகத் தண்டியலங்காரம் வகுக்கின்றது. தாளையும் கண்ணாடியையும் வெட்டிப் பசையால் ஒட்டி, மரத்தையும் சுவரையும் அழகுபடுத்தும் கைத்தொழிலும் இவ்வணி போன்றதே. கிட்டாத ஒன்றின் இடத்தில் கிட்டிய ஒன்றை அது நிறுத்துகின்றது. அதனாலேயே கலை வரலாறு எழுதுவோர் இதனைப் பொருளற்றவர் செய்த போலி என்று ஒரு வரியில் கடந்துவிடுகின்றனர். அம்முடிபு பொருந்துமா என ஆராய்வதற்கு மலேசியத் தீபகற்பத்தின் தென்கோடியிலுள்ள ஜோகூர் நல்ல இடமாகும்.

அதற்குமுன் இப்பழிச்சொல் எங்குப் பிறந்தது என்பதைக் காண வேண்டும். 18ஆம் நூற்றாண்டில் சீனத்திலிருந்தும் சப்பானிலிருந்தும் ஐரோப்பாவுக்குச் சென்ற அரக்குப் பூச்சுப் பெட்டிகளுக்கும் மேசைகளுக்கும் செல்வர் வீடுகளில் பெரும் வேட்கை இருந்தது. அவ்வரக்கு கீழையாசியாவில் வளரும் ஒருவகை மரத்தின் பால், ஐரோப்பியருக்குக் கிட்டாதது. வெனிசு நகரத் தொழிலாளர் வேறு வழி கண்டனர். மரத்தின்மேல் வெண்சுதை பூசி, நிறம் தீட்டி, அச்சிட்ட படங்களை வண்ணமிட்டுக் கத்தரித்து ஒட்டினர். அதன்மேல் மெருகெண்ணெயைப் பலமுறை பூசித் தேய்த்தனர். விரலால் தடவினால் தாளின் விளிம்பு தட்டுப்படலாகாது. அதுவே தொழிலின் அளவுகோல். வெட்டி ஒட்டுவதற்கென்றே படத்தாள்களை அச்சிட்டு விற்றது பாசானோ ஊரின் ரெமோந்தினி அச்சகம். இதற்கு இத்தாலியர் வைத்த பெயர் "ஏழை அரக்கு" என்று பொருள்படும். இன்று உலகெங்கும் வழங்கும் "தெக்குபாசு" என்பது, வெட்டுதல் என்னும் பொருளுடைய பிரெஞ்சுச் சொல்லின் வழி வந்தது. பெயரில் ஏழைமை இருப்பினும் அப்பெட்டிகள் இன்று அரும்பொருட்காட்சிச் சாலைகளில் உள்ளன என்பது வேறு செய்தி.

தமிழகத்திலும் இதற்கு உடன்பிறப்பு உண்டு. தஞ்சை மராட்டிய மன்னர் காலத்தில், சிறப்பாக இரண்டாம் சரபோசி (1798-1832) ஆட்சியில், செழித்த தஞ்சாவூர் ஓவியத்தை ஓவியம் என்கிறோம். உண்மையில் அதில் தூரிகை வேலையோடு ஒப்ப நிற்பது ஒட்டும் வேலை. பலாப் பலகையின்மேல் துணியைப் புளியங்கொட்டைப் பசையால் ஒட்டுவர். சுண்ணப்பொடிக் குழம்பைப் பூசி வழவழப்பாக்குவர். அணிகலன் வரவேண்டிய இடங்களைச் சுதையால் மேடாக்கி, பொன்தகட்டை ஒட்டி, கண்ணாடிக் கற்களைப் பதிப்பர். மாணிக்கத்தின் இடத்தில் கண்ணாடி நிற்பதனால் அப்படத்தைப் போலி என்பார் எவரும் இலர்.

இனி ஜோகூருக்கு வருவோம். மலாய் மொழியில் தாளுக்குப் பெயர் கெர்த்தாஸ். அது அரபு மொழி வழியாக வந்தது. நம் நாட்டுப்புறத்தார் சொல்லும் கடுதாசி போர்த்துக்கேசியர் வழியாக வந்தது. இரண்டுக்கும் மூலம் கிரேக்கச் சொல் ஒன்றே. கடல்வழி வேறாயினும் இச்சொற்கள் உறவினரே என்க. மலாயர் பெட்டியைப் பெத்தி என்பது தமிழிலிருந்து சென்றது. தாளும் பெட்டியும் பசையும் எவ்வினத்தார்க்கும் தனியுடைமையல்ல என்பதற்கு இச்சொற்களே சான்று.

மலாயரின் ஒட்டுக் கலை பட்டத்தில் உள்ளது. வாவ் எனப்படும் பெரிய பட்டம் கிளாந்தான், திரெங்கானு, கெடா முதலிய வடபகுதிகளில் பெயர் பெற்றது. பட்டம் விடும் வழக்கமோ பழைமையானது. மலாக்கா அரசர் வரலாறு கூறும் செஜாரா மெலாயு என்னும் நூலில் அரசகுமாரர் பட்டம் விடும் செய்தி வருகின்றது. 1511இல் மலாக்கா வீழ்ந்தபின் அவ்வரசமரபினரே ஜோகூர் அரசை நிறுவினர். அந்நூலை 1612இல் ஜோகூர்ப் பெண்டகாரா துன் ஸ்ரீ லானாங் திருத்தியமைத்தார் என்பது மரபு. கண்ணாடித் தூளைப் பசையிற் கலந்து பட்டக் கயிற்றுக்கு ஏற்றும் வழக்கமும் மலாயரிடம் உண்டு. நம் ஊர்ச் சிறுவர் அதனை மாஞ்சா என்பர். கழுத்தறுக்கும் அப்பசையைப் பற்றி இங்கு மேலும் பேச வேண்டுவதில்லை.

வாவ் செய்யும் முறை கருதத்தக்கது. மூங்கிலைப் பிளந்து, சீவி, இழைத்துச் சட்டம் கட்டுவர். அதன்மேல் மெல்லிய தாளைப் போர்த்துவர். பிறகு பளபளக்கும் வண்ணத்தாளை மடித்துச் சிறு கத்தியால் பூவும் கொடியுமாக அறுத்து, ஒன்றன்மேல் ஒன்றாக ஒட்டுவர். நடுவில் ஒரு பூ; அதிலிருந்து இரு சிறகுகளிலும் கொடி படரும். இக்கொடி மலாயரின் மரச்செதுக்கு வேலையில் கதவு நிலைகளிலும் பலகணிகளின் மேற்பலகைகளிலும் காணும் "அவான் லாராட்" என்னும் படர்கொடியே. தச்சன் உளியால் மரத்தில் அறுத்ததைப் பட்டக்காரன் தாளில் அறுக்கிறான். இதுவரை போலி எனலாம்.

ஆனால் பட்டம் பறக்க வேண்டும். பசைக்கும் எடையுண்டு, ஒரு சிறகில் ஒரு பூ மிகுந்தால் பட்டம் அப்பக்கம் சாயும். தாளை மடித்து அறுப்பது இரு பக்கமும் ஒத்துவர மட்டுமன்று, எடை ஒத்துவரவும் உதவுகின்றது. கதவு நிலையில் கொடி எப்படிப் படர்ந்தாலும் கதவு திறக்கும். பட்டத்திலோ அலங்காரமே பறத்தலின் ஒரு பகுதியாகிவிடுகின்றது. தச்சனுக்கு நேராத இச்சிக்கலைப் பட்டக்காரன் தாளாலும் பசையாலும் தீர்த்தான். போலி எனப்பட்டது மூலத்துக்கு இல்லாத ஓர் அறிவைப் பெற்றுவிட்டது.

துறைமுகமும் தொழிற்சாலைகளும் நிறைந்த பாசிர் கூடாங் நகரில் 1995 முதல் உலகப் பட்டத் திருவிழா நடைபெற்று வந்துள்ளது. அங்கே பட்டங்களுக்கென ஓர் அரும்பொருட்காட்சிச் சாலையும் குன்றின்மேல் உண்டு. வடபுலத்துக் கலை தென்கோடியில் வந்து சேர்ந்த வரலாறு இது.

ஜோகூர் பாருவில் தமிழர் செய்தது இதனினும் பெரிது. தெப்ராவ் சாலைப் பக்கம், இருப்புப்பாதையை அடுத்துள்ள அருள்மிகு ஸ்ரீ ராஜகாளியம்மன் கோயில் 1922இல் சிறு குடிலாகத் தோன்றியது. நிலம் ஜோகூர் சுல்தான் அளித்தது என்பர். பாங்காக்கில் ஒரு பௌத்தக் கோயிலின் கண்ணாடி வேலைப்பாட்டைக் கண்ட கோயில் தலைவர், அதேபோல் அம்மனுக்கும் செய்ய விழைந்தார். 2008இல் தொடங்கிய பணி 2009இல் நிறைவுற்றது. சிவப்பு, நீலம், மஞ்சள், பச்சை, ஊதா, வெள்ளை என ஏறத்தாழ 3,00,000 கண்ணாடித் துண்டுகள் சுவர், தூண், விதானம் எங்கும் ஒட்டப்பட்டன. ஒரு சன்னிதிச் சுவரில் நேபாளத்து உருத்திராக்கங்களும் ஏறத்தாழ அதே எண்ணிக்கையில் பதிக்கப்பட்டுள்ளன.

இதனை மணிகள் வாங்க இயலாதவர் செய்த வேலை என்று சொல்லலாம். பாங்காக்கிலேயே அருண் கோயிலின் கோபுரம் 19ஆம் நூற்றாண்டில் உடைந்த சீனப் பீங்கான்களால் அணிசெய்யப்பட்டதுதான். ஆயினும் கருவறை விளக்கேற்றும்போது அங்கு நிகழ்வது வேறு. கையால் ஒட்டிய துண்டுகள் ஒரே சமதளத்தில் அமைவதில்லை. ஒவ்வொன்றும் ஒரு மயிரிழை சாய்ந்திருக்கும். ஆதலின் ஒரு சுடர் பல்லாயிரம் சுடராகச் சிதறுகின்றது. இழைத்த பொற்றகட்டில் இது நிகழாது. கையின் சிறு பிழையே ஒளியின் பெருக்கமாகின்றது.

இக்கலைக்கு வரலாற்றில் இடம் கிட்டாமைக்கு வேறொரு காரணம் உண்டு. அது பசையைத் தின்னும் பூச்சி! மைதாப் பசையிலும் கஞ்சிப் பசையிலும் மயில்துத்தம் கலக்காவிட்டால் இராமபாணப் பூச்சி விடாது. நம் புத்தகம் கட்டுவோர் இதனை நன்கறிவர். ஜோகூரின் ஈரக் காற்றில் பூசணமும் சேர்ந்துகொள்ளும். கல்லும் செம்பும் நின்றன. அவற்றைக் கொண்டு வரலாறு எழுதினோம். தாள் பட்டங்களும், தைப்பூசக் காவடிகளில் ஒட்டிய ஜிகினாத் தாள்களும், நூறாண்டுக்கு முந்தையவை எத்தனை எஞ்சின? எஞ்சாதவற்றைத் தரமற்றவை எனக் கொண்டதே பிழை.

தாளில் அறுத்த கொடி எஞ்சிய ஓரிடம் உண்டு. 1989இல் வெளிவந்த மலேசிய நாணய வரிசையில் 50 சென் காசின் ஒரு முகத்தில் வாவ் பட்டம் பொறிக்கப்பட்டது. மரத்திலிருந்து தாளுக்கு வந்த பூவை, இம்முறை உலோகம் பார்த்து எழுதியது.