ஒரு கொத்து அரிசியும் ஒரு வாக்கும்

இலங்கையின் அரசியல் வரலாற்றை எழுத முற்படுவோர் தலைவர்களைப் பற்றி எழுதுவர். கட்சிகளைப் பற்றியும் இனங்களைப் பற்றியும் எழுதுவர். அரிசியைப் பற்றி எழுதுவோர் குறைவு. ஆனால் சுதந்திரத்திற்குப் பிந்திய முதல் முப்பது ஆண்டுகளில் இந்நாட்டின் அரசாங்கங்களை ஆட்டிப் படைத்த பொருள் எதுவென்று கேட்டால், கூப்பன் அரிசி என்றே சொல்ல வேண்டும்.

அரசியல்வாதியை நல்லவர், கெட்டவர் என்று தரம் பிரிப்பது நமது பழக்கம். பத்திரிகைத் தலையங்கங்களும் பெரும்பாலும் அவ்வாறே எழுதப்பட்டன. பொருளியலாளர் சிலர் வேறுவிதமாகச் சிந்தித்தனர். சந்தையில் பொருள் வாங்கும்போது தன் நலனைக் கணக்கிடும் மனிதன், வாக்குச் சாவடிக்குள் நுழைந்ததும் அக்கணக்கை மறந்துவிடுவானா? இலாபம் தேடும் வணிகன் அமைச்சராகிவிட்டால் துறவியாகிவிடுவானா? 1957இல் அந்தனி டவுன்ஸ், கட்சிகள் கொள்கைகளை வகுப்பது வாக்குகளைப் பெறுவதற்காகவே என்ற எடுகோளின்மீது ஒரு முழு நூலையே எழுதினார். 1962இல் ஜேம்ஸ் புக்கானனும் கோர்டன் டலொக்கும் அரசியல் யாப்பு விதிகளையே இந்தக் கண்ணோடு ஆராய்ந்தனர். இத்துறைக்கான பங்களிப்புக்காக 1986இல் புக்கானனுக்கு நொபெல் பரிசு கிடைத்தது. ஆள்பவரின் குணத்தை ஆராய்வதிலும் பார்க்க, அவர் எந்த விதிகளுக்குள் நின்று எதைப் பெறவும் எதை இழக்கவும் போகிறார் என்பதை ஆராய்வதே பயன் தரும் என்பது அவர்களது வாதத்தின் சாரம்.

இந்த அளவுகோலைக் கொண்டு நமது அரிசிக் கதையைப் பார்ப்போம்.

இரண்டாம் உலகப் போரின் நடுவே, 1942இல், இலங்கையில் அரிசிப் பங்கீடு தொடங்கியது. போர் முடிந்தது, பங்கீடு முடியவில்லை. அதனோடு சேர்ந்து வந்த மானியமும் நிலைத்துவிட்டது. 1952 மே மாதப் பொதுத் தேர்தலில், தந்தையார் டி.எஸ். சேனநாயக்காவின் மறைவையடுத்துப் பிரதமரான டட்லி சேனநாயக்கா, கொத்து 25 சதம் என்ற விலையைப் பேணுவதாக வாக்குறுதியளித்தார். ஐக்கிய தேசியக் கட்சி 54 ஆசனங்களைப் பெற்றது. ஆனால் கொரிய யுத்தம் றப்பருக்குத் தந்த நல்ல விலை அப்போதே சரியத் தொடங்கியிருந்தது. திறைசேரி வற்றியது. 1953 ஜூலையில் நிதியமைச்சர் ஜே.ஆர். ஜயவர்தனா கொத்து அரிசியின் விலையை 25 சதத்திலிருந்து 70 சதமாக்கினார். பாடசாலைப் பிள்ளைகளின் இலவச மதிய உணவும் நிறுத்தப்பட்டது.

ஆகஸ்ட் 12ஆம் திகதி நாடு ஸ்தம்பித்தது. இடதுசாரிக் கட்சிகள் அழைத்த அந்த ஹர்த்தாலில் துப்பாக்கிச் சூட்டுக்கு உயிர்கள் பலியாகின. அமைச்சரவை கொழும்புத் துறைமுகத்தில் நின்ற பிரித்தானியப் போர்க் கப்பலான நியூபவுண்லாந்தில் கூடியது. அக்டோபரில் டட்லி பதவி விலகினார். 1956 தேர்தலில் அவரது கட்சி 8 ஆசனங்களுக்குச் சுருங்கியது. அத்தோல்விக்கு மொழிப் பிரச்சினை முதலான பல காரணங்கள் உண்டெனினும், ஹர்த்தாலின் வடு அவற்றுள் ஒன்று.

அதன் பின்னர் எந்தக் கட்சியும் அரிசியைத் தொட அஞ்சியது. 1962இல் நிதியமைச்சர் பீலிக்ஸ் டயஸ் பண்டாரநாயக்கா பங்கீட்டைக் குறைக்க முன்மொழிந்தபோது ஆளுங்கட்சி உறுப்பினர்களே எதிர்த்தனர். அவர் நிதியமைச்சைத் துறக்க நேர்ந்தது. 1966இன் இறுதியில் டட்லியின் அரசாங்கம் வாரத்துக்கு இரண்டு கொத்து என்றிருந்ததை ஒரு கொத்தாக்கி, அதனை இலவசமாக்கியது. பாதியைப் பறித்து மீதியை இனாமாகக் கொடுக்கும் இந்தச் சாமர்த்தியம் பலிக்கவில்லை. 1970இல் இரண்டாவது கொத்தை மீட்டுத் தருவதாகக் கூறிய சிறிமாவோ பண்டாரநாயக்காவின் கூட்டணி 151 ஆசனங்களில் 116ஐ வென்றது. திறைசேரியின் நிலை என்னவென்று பாராமல் இரு தரப்பும் ஏலம் கூறின. டவுன்ஸ் வருணித்த தேர்தல் சந்தைக்கு இதைவிடத் தெளிவான உதாரணம் தேடுவது கடினம்.

ஆனால் இந்த ஏலத்தில் பங்குகொள்ள முடியாத ஒரு மக்கள் கூட்டமும் இந்நாட்டில் இருந்தது. 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டமும் அதைத் தொடர்ந்து 1949இல் வந்த சட்டங்களும் மலையகத் தோட்டத் தொழிலாளரின் பிரஜாவுரிமையையும் வாக்குரிமையையும் பறித்தன. 1947 தேர்தலில் தோட்டத் தொகுதிகளில் இலங்கை இந்தியக் காங்கிரஸ் வெற்றி பெற்றது. வேறு சில தொகுதிகளில் தோட்ட வாக்குகள் இடதுசாரிகளுக்குக் கைகொடுத்தன. அந்த வாக்குகள் இல்லாதொழிந்தால் யாருக்கு இலாபம் என்பதை அன்றைய ஆளுங்கட்சி அறியாதிருந்திருக்க முடியாது. 1952 தேர்தலில் காங்கிரசுக்கு ஓர் ஆசனமும் இல்லை.

வாக்கில்லாதவனுக்கு அரசியல் சந்தையில் விலையில்லை. இதன் பொருள் என்னவென்பது 1973, 74ஆம் ஆண்டுகளில் தெரிந்தது. உலகச் சந்தையில் எண்ணெயும் தானியமும் விலையேறின, பங்கீடு வெட்டப்பட்டது. கிராமத்தவனுக்கு மரவள்ளி நடவாவது ஒரு துண்டு நிலம் இருந்தது. லயத்து அறையில் வாழ்ந்தவனுக்கு அதுவும் இல்லை. 1974இல் தோட்டப் பகுதிகளின் இறப்பு வீதம் தேசிய வீதத்தைவிட மிக உயர்ந்து நின்றது. பட்டினி தாங்காது பட்டணங்களுக்கு இறங்கி வந்து கையேந்தியோரை அக்காலத்தவர் மறந்திருக்க மாட்டார்கள். ஒரு கொத்து அரிசிக்காக 1953இல் அமைச்சரவையே கப்பலேறிய நாடு இது. அதே நாட்டில் தோட்டப் பட்டினியின் பொருட்டு எந்த அமைச்சரும் பதவி இழக்கவில்லை.

மீண்டும் ஜயவர்தனாவிடம் வருவோம். 1977இல் தாராளமாகத் தானியம் தருவதாக வாக்களித்து, 168 ஆசனங்களில் 140ஐ வென்று அவர் ஆட்சிக்கு வந்தார். வந்த சில மாதங்களிலேயே, 1953இல் தம்மை வீழ்த்திய அதே வேலையில் மறுபடியும் இறங்கினார். இம்முறை கணக்கு வேறு. 1978 தொடக்கத்தில் பங்கீடு குறைந்த வருமானமுடைய குடும்பங்களுக்கு மட்டும் என்றாக்கப்பட்டது. ஏறத்தாழ அரைவாசி மக்கள் வெளியே தள்ளப்பட்டனர். மற்ற அரைவாசியினர் தமக்குக் கிடைப்பதை எண்ணி மௌனமாயினர். 1979 செப்டம்பரில் எஞ்சியோருக்கும் அரிசிக்குப் பதிலாக உணவு முத்திரை வந்தது. முத்திரையின் பெறுமதி ரூபாவில் நிர்ணயிக்கப்பட்டிருந்தது. விலைவாசி ஏற ஏற அது தானாகவே கரைந்தது. நாடாளுமன்றத்தில் எவரும் கையுயர்த்தி அதனை வெட்டத் தேவையிருக்கவில்லை. 1953இல் எல்லோருக்கும் ஒரே நாளில் வலித்தது. ஆகவே எல்லோரும் ஒரே நாளில் தெருவுக்கு வந்தனர். இம்முறை வலி பங்கு போட்டு, தவணை முறையில் கொடுக்கப்பட்டது. அதனால் ஹர்த்தால் வரவில்லை.

இதே மனிதரின் வாழ்வில் இன்னொரு திருப்பமும் உண்டு. 1948இல் பிரஜாவுரிமையைப் பறித்த அமைச்சரவையில் அவர் நிதியமைச்சர். 1986இலும் 1988இலும் நாடற்றோருக்குப் பிரஜாவுரிமை வழங்கும் சட்டங்கள் நிறைவேறியபோது அவர் ஜனாதிபதி. இடையில் மனம் மாறியதா? மனத்தை நாம் அறியோம். விதி மாறியதை அறிவோம். 1978ஆம் ஆண்டின் அரசியல் யாப்பு முழு நாட்டையும் ஜனாதிபதித் தேர்தலுக்கான ஒரே தொகுதியாக்கியது. தொகுதி எல்லைகளுக்குள் ஒதுக்கிவைக்கக் கூடியதாயிருந்த மலையக வாக்கு, நாடு தழுவிய கணக்கில் எடையுள்ளதாயிற்று. 1988 டிசம்பரில் ஆர். பிரேமதாசா 50.43 வீத வாக்குகளுடன் ஜனாதிபதியானார். பாதியைத் தாண்டிய அந்தச் சிறு துண்டில் ஒவ்வொரு வாக்கும் பொன்னல்லவா? தொண்டமானின் பேரம் பேசும் திறனையும் இந்தியாவின் அழுத்தத்தையும் நான் குறைத்து மதிப்பிடவில்லை. ஆனால் பேரம் பேச ஒரு பண்டம் கையில் வேண்டும். அந்தப் பண்டத்தைக் கொடுத்தது விதி மாற்றமே.

இந்தக் கணக்கு எல்லாவற்றையும் விளக்கிவிடும் என்று கொள்வதும் பிழை. 1948இல் மலையக மக்களின் உரிமைக்காகக் குரல் கொடுத்த எஸ்.ஜே.வி. செல்வநாயகத்துக்குக் காங்கேசன்துறையில் தோட்ட வாக்கு ஒன்றேனும் இருக்கவில்லை. தமிழ்க் காங்கிரசிலிருந்து பிரிந்து 1949இல் தமிழரசுக் கட்சியை நிறுவிய அவர், 1952இல் தமது ஆசனத்தையே இழந்தார். இலாப நட்டக் கணக்கில் அடங்காத மனிதர்கள் அரசியலில் இருக்கத்தான் செய்கிறார்கள். ஆயினும் அவர்கள் விதிவிலக்கு. விதிவிலக்குகளை நம்பி ஒரு நாட்டின் யாப்பை எழுத முடியாது.

அரிசி ஏலம் முடிந்தது. ஏலமிடும் பழக்கம் முடியவில்லை. 2019 டிசம்பரில் பெறுமதி சேர் வரி 15 வீதத்திலிருந்து 8 வீதமாகக் குறைக்கப்பட்டபோது பலர் மகிழ்ந்தனர். 2022 ஏப்ரலில் நாடு கடனைத் திருப்பிச் செலுத்த முடியாதென அறிவித்தது. அச்சரிவுக்குக் காரணங்கள் பல. வற்றிப்போன வரி வருமானம் அவற்றுள் முதன்மையான ஒன்று. கொடுப்பதன் புகழ் இன்றைக்கு, அதன் செலவு நாளைக்கு, நாளைய அமைச்சர் வேறொருவர் என்றிருக்கும்வரை யார் வந்தாலும் இதையே செய்வர்.

ஆகவே, தேர்தல் மேடையில் ஒருவர் ஒன்றைத் தருவதாகச் சொல்லும்போது நாம் இரண்டு கேள்விகளைக் கேட்கப் பழக வேண்டும். இதற்கு யார், எப்போது பணம் கொடுக்கப் போகிறார்கள்? இந்தக் கணக்கில் வாக்கில்லாததால் விடுபட்டுப் போனவர் யார்? முதற் கேள்வியைக் கேட்காததன் விலையை நாடு முழுவதும் 2022இல் கொடுத்தது. இரண்டாவதைக் கேட்காததன் விலையை லயத்து மக்கள் 1974இலேயே கொடுத்து முடித்திருந்தனர்.