வரப்புத் தகராறுக்கு ஸ்டேஷன் எதுக்கு?

எங்க பக்கம் எவனாவது வரப்பை ஒரு சாண் தள்ளி வெட்டிட்டா, முதல்ல ஓடுறது போலீஸ் ஸ்டேஷனுக்குத்தான். கோர்ட்டுக்குப் போனா பேரன் காலத்துலதான் தீர்ப்பு வரும், ஸ்டேஷன்ல சொன்னா சாயங்காலமே முடிஞ்சிடும்னு ஒரு நம்பிக்கை. ஆனா நிலம் யாருடையதுன்னு தீர்மானிக்கிற அதிகாரம் போலீசுக்குக் கிடையாது. இது நேத்து வந்த விதி இல்லைங்க. குடியானவங்க பட்ட அடியில பிறந்த விதி.

கும்பெனி ஆட்சியில 1816ல மதராஸ் மாகாணத்துக்கு வரிசையா சட்டங்கள் வந்தது. 10 ரூபாய் வரைக்குமான வழக்கைக் கிராம முன்சீப் விசாரிக்கலாம், அதுக்கு மேல ஜில்லா முன்சீப். இது சரிதான். ஆனா அதே வருஷம் போலீஸ் வேலையையும் தாசில்தார் கையில கொடுத்துட்டாங்க. வரி கேக்கிறவரும் அவரே, கட்டலைன்னா பிடிச்சு உக்கார வைக்கிறவரும் அவரே.

அப்புறம் கேக்கணுமா? கட்டைக்கு நடுவுல விரலை வச்சு நெரிக்கிறதுக்குப் பேரு கிட்டி. உடம்பை வளைச்சுக் கயித்தால கட்டி வெயில்ல நிறுத்துறது அண்ணாந்தாள். வரி வாங்கவும், குத்தத்தை ஒப்புக்க வைக்கவும் இதையெல்லாம் செஞ்சாங்க. விஷயம் லண்டன் பார்லிமெண்ட் வரைக்கும் போய், 1854ல விசாரணைக் கமிஷன் போட்டாங்க. 1855ல வந்த அறிக்கை சித்திரவதை நடந்தது உண்மைதான்னு சொல்லிடுச்சு.

அதுக்குப் பிறகு வந்ததுதான் 1859ஆம் வருஷத்து 24ஆவது சட்டம். போலீசைத் தனி இலாகாவாப் பிரிச்சாங்க. போலீஸ்காரருக்கு நீதி வழங்குற அதிகாரமும் இல்ல, ரெவின்யூ அதிகாரமும் இல்லன்னு அதுலயே எழுதி வச்சாங்க.

இன்னிக்கும் அடிப்படை அதுதான். நிலத் தகராறு கைகலப்பு வரைக்கும் போகும் போல இருந்தா, போலீஸ் நிர்வாக மாஜிஸ்திரேட்டுக்கு அறிக்கை அனுப்பலாம். முன்ன 145ஆவது பிரிவு, 2024 ஜூலைல இருந்து புதுச் சட்டத்துல 164. அங்கேயும் அனுபவம் யார் கையில இருக்குன்னுதான் பார்ப்பாங்க. பாத்தியதை யாருக்குன்னு சிவில் கோர்ட்தான் சொல்லணும். சிவில் வழக்கு இழுக்கும்கிறதுக்காக, நெருக்கடி கொடுக்க கிரிமினல் கேஸ் போடுற பழக்கத்தை 2006ல இந்தியன் ஆயில் – நெப்சி வழக்குல உச்ச நீதிமன்றம் கண்டிச்சிருக்கு.

அதுக்காகப் போலீசுக்கு வேலையே இல்லைன்னு அர்த்தம் இல்ல. அடிதடி, போலிப் பத்திரம், விளைஞ்ச கதிரை ராத்திரியில அறுத்துட்டுப் போறது, இதெல்லாம் குத்தம். இதுக்குப் புகார் வந்தா கேஸ் போட்டே ஆகணும். 2013ல லலிதா குமாரி வழக்குல இதையும் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கு.

பட்டணத்துல இருக்கிறவங்க அப்பா பேர்ல உள்ள நிலத்துக்காக லீவு போட்டு ஊருக்கு ஓடி வர்றீங்க. ஸ்டேஷன்ல "எழுதிக் கொடுத்துட்டுப் போங்க"ன்னா, திரும்பிப் போற அவசரத்துல கையெழுத்துப் போட்டுடாதீங்க. அந்தக் காகிதம் தீர்ப்பு ஆகாது. ஆனா நாளைக்கு அதையே உங்களுக்கு எதிரா நீட்டுவாங்க. முதல்ல தாலுகா ஆபீஸ்ல மனு கொடுத்து சர்வேயரை வச்சு அளங்க. அப்பவும் தீரலைன்னா முன்சீப் கோர்ட். வக்கீல் வைக்க வசதி இல்லாதவங்களுக்கு இலவச சட்ட உதவி மையம் இருக்கு.

நாள் ஆகும்தான். ஆனா அங்க கிடைக்கிறதுதான் நாளைக்கு நிக்கும்.