காருக்குள் போய்ப் பேசுகிறவர்கள்

ஜப்பானில் 1983-இல் வந்த 'கஸோக்கு கேமு' படத்தில் புருஷனும் பெண்டாட்டியும் தனியாகப் பேச வேண்டுமென்றால் கீழே இறங்கி, நிறுத்தியிருக்கும் காருக்குள் போய் உட்கார்ந்துகொள்வார்கள். சிரிப்புப் படம் என்றுதான் நண்பர் கொடுத்தார். எனக்கு, கேரள மலைப்பக்கத்து உடும்பஞ்சோலையில் அப்பாவும் அம்மாவும் ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோருக்குப் பின்னால் நின்று குசுகுசுத்தது ஞாபகம் வந்தது. எங்களுக்கும் வீட்டுக்குள் ரகசியம் கிடையாது.

போரில் வீடிழந்த ஜப்பானில், 1951-இல் அரசுக் குடியிருப்புக்கென்று '51சி' என்றொரு வரைபடம் போட்டார்கள். சாப்பிடும் இடம் வேறு, படுக்கும் இடம் வேறு என்பது அதன் கொள்கை. 1955-இல் தொடங்கிய வீட்டுவசதிக் கழகம் அதை அடுக்குமாடிகளாகப் பரப்பியது. தரையில் குட்டை மேசையைச் சுற்றி உட்கார்ந்து சாப்பிட்டவர்கள் நாற்காலிக்கு ஏறினார்கள். 'கஸோக்கு கேமு' இயக்குநர் யோஷிமிட்சு மொரிட்டா கேலி செய்வது அந்தச் சாப்பாட்டு மேசையைத்தான். படத்தில் அது நீளமாக, ஒடுக்கமாக இருக்கும். பஸ்ஸுக்குக் காத்திருக்கிறவர்கள் மாதிரி எல்லோரும் ஒரே பக்கம் பார்த்து உட்கார்ந்து சாப்பிடுவார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்க வேண்டியதில்லை. பையனுக்கு டியூசன் எடுக்க வரும் வாத்தியாரும் (யுசாக்கு மட்சுடா) அதே வரிசையில். கடைசி விருந்தில் அவர் சோற்றை வாரியிறைத்து, அத்தனை பேரையும் அடித்துச் சாய்த்துவிட்டுப் போகிறார். அப்பாவாக நடித்த ஜூஸோ இடாமி, 1984-இல் தாமே இயக்குநராகி முதல் படத்திலேயே சாவு வீட்டைச் சிரிப்பாக்கினார்.

அதே 1951-இல்தான் இந்தியாவில் தோட்டத் தொழிலாளர் சட்டம் வந்தது. முதலாளி வீடு கொடுத்தாக வேண்டும் என்றது அது. கொடுத்தது லயம்: ஒரே கூரை, வரிசையாக அறைகள், இரு வீட்டுக்கும் பொதுவாக ஒரு சுவர். பக்கத்து வீட்டுத் தாத்தாவின் இருமலை வைத்தே மணி சொல்வோம். சாப்பாடும் படுக்கையும் ஒரே இடத்தில்தான். சண்டை வந்தால் லயமே தீர்ப்புச் சொல்லும்; மேல்முறையீடு கிடையாது. ஜப்பான்காரர்கள் சுவர் எழுப்பிப் பிரிந்தார்கள், நாங்கள் சுவர் இருந்தும் பிரியவில்லை. இரண்டிலும் கூத்துக்குக் குறைவில்லை என்பேன்.

5 ஹெக்டேருக்குக் குறைந்த தோட்டங்களை அந்த 1951 சட்டம் பொதுவாகத் தொட்டதில்லை. எங்கள் மலையிலோ சின்ன ஏலக்காடுகள் ஏராளம். வீடு தர வேண்டியதில்லை, ஆள் மட்டும் வந்தால் போதும். ஆகவே கீழே தமிழ்நாட்டில் போடி, தேவாரம், கம்பம் பக்கத்திலிருந்து மலை மெட்டு ஏறி ஆட்களோடு ஜீப்புகள் வருகின்றன. சாயங்காலம் அதே ஆட்களோடு இறங்குகின்றன. புருஷன் பெண்டாட்டி, மாமியார் மருமகள் எல்லோரும் ஒரே ஜீப்பில் நெருக்கியடித்துத்தான். அங்கே குடும்பச் சண்டை நான் கேட்டதில்லை. விடியுமுன் எழுந்து சோறு கட்டியவர்களுக்கு அதற்குத் தெம்பு ஏது?