பஸ் ஸ்டாண்ட் கடையும் பம்பாய் ஏர்போர்ட் ஸ்நாக் பாரும்

சந்தவாசல்ல இருந்து ஒரு தம்பி வாய்ஸ் நோட் அனுப்பியிருந்தார். "அண்ணா, பஸ் ஸ்டாண்ட் பக்கம் பொதுக் கட்டடத்துல அப்பா ரொம்ப வருஷமா கடை வச்சிருக்கார். ஜரிகை, நூல் வியாபாரம். இந்தத் தடவை டெண்டர்ல 'அஞ்சு வருஷ அனுபவம் வேணும்'னு போட்டாங்க. கடைசியில அனுபவமே இல்லாதவருக்குக் கொடுத்துட்டாங்க. கேட்டா, 'எங்க இடம், யாருக்கு வேணா கொடுப்போம்'ங்கறாங்க. இது சரியா?"

இதே கேள்வி உச்ச நீதிமன்றம் வரைக்கும் போயிருக்கு. அங்க கடை ஜரிகைக் கடை இல்லை, சாப்பாட்டுக் கடை.

1977 ஜனவரி. பம்பாய் விமான நிலையத்துல ஒரு இரண்டாம் தர உணவகமும் ரெண்டு ஸ்நாக் பாரும் மூணு வருஷம் நடத்த, சர்வதேச விமான நிலைய ஆணையம் டெண்டர் கேட்டது. நிபந்தனை என்னன்னா, பதிவு பெற்ற இரண்டாம் தர ஹோட்டல்காரரா இருக்கணும், குறைஞ்சது 5 வருஷ அனுபவம் வேணும். மாசம் 6,666 ரூபாய் 66 பைசா தர்றதா சொன்ன ஒருத்தருக்குக் கிடைச்சது. (அந்தப் பைசாக் கணக்கு எனக்கு ரொம்பப் பிடிச்சது. வருஷத்துக்கு 80,000ஐ பன்னிரண்டால வகுத்திருப்பாங்க போல.) ஆனா அவருக்கு இருந்தது கேண்டீன் நடத்திய அனுபவம்தான்.

வழக்கு போட்ட ரமணா தயாராம் ஷெட்டி டெண்டரே போடலை! அவர் வாதம் இதுதான்: "அந்தத் தகுதி எனக்கும் இல்லை. அதைத் தளர்த்துவீங்கன்னு தெரிஞ்சிருந்தா நானும் போட்டிருப்பேனே."

1979 மே மாசம் நீதிபதி பகவதி எழுதின தீர்ப்பு வந்தது. சட்டம் போட்டு உருவாக்கின ஆணையமும் அரசுதான், அரசியல் சாசனத்தின் 14வது பிரிவு அதையும் கட்டுப்படுத்தும்னு சொன்னது. லைசென்ஸ், குத்தகை, ஒப்பந்தம் எல்லாத்தையும் தனியார் வீட்டுக்காரர் மாதிரி இஷ்டத்துக்குக் கொடுக்க முடியாது. தானே போட்ட நிபந்தனையைத் தானே மதிக்கணும். இதுக்குத் துணையா எடுத்தது, பசிபிக் பெருங்கடல்ல பலாவ் தீவுகள்ல வேலை பார்த்த வித்தரெல்லிங்கற அமெரிக்க அரசு ஊழியரோட வழக்கு. தன் துறை தன்னோட விதிகளையே பின்பற்றாம வேலையை விட்டு நீக்கினதுன்னு போராடி, 1959ல ஜெயிச்சவர். ஒரு தீவு ஊழியர் வழக்கு பம்பாய் ஸ்நாக் பாருக்கு வந்து சேர்ந்துச்சு.

அப்போ ஷெட்டிக்குக் கடை கிடைச்சதா? இல்லை. மனு தள்ளுபடி. டெண்டரை ஏத்து மாசக்கணக்கு ஆன பிறகுதான் கோர்ட்டுக்கு வந்தார். அதுக்குள்ள ஜெயிச்சவர் பணம் போட்டுட்டார். அதுக்கும் மேல, காலி பண்ண மனசில்லாத பழைய ஒப்பந்ததாரர்தான் இவரை முன்னால நிறுத்தியிருக்கார்னு நீதிமன்றம் நினைச்சது.

தம்பி, இந்தக் கடைசி வரி உங்க அப்பாவுக்கும் பொருந்தலாம். கஷ்டமாத்தான் இருக்கு, ஆனா சொல்லணும். குத்தகைக் காலம் முடிஞ்சதும், பல வருஷமா இருக்கோம்ங்கறதாலயே புதுப்பிக்கிற உரிமை வந்துடாது. நம்ம நகராட்சிக் கடைகளுக்கு 2007ல வந்த அரசாணை 92 கூட, மூணு வருஷத்துக்கு ஒரு தடவை 15 சதவீதம் வாடகை ஏத்தி, 9 வருஷம் வரைக்கும்தான் புதுப்பிக்கலாம்னு சொன்னது. உங்களுது ஊராட்சிங்கறதால அந்த ஆணை அப்படியே பொருந்தும்னும் சொல்ல மாட்டேன்.

'எங்களுக்கே கொடுங்க'ன்னு கேட்டா பலம் கம்மி. 'நோட்டீஸ்ல போட்ட நிபந்தனையை மீறியிருக்கீங்க, மறு டெண்டர் விடுங்க'ன்னு கேட்டா பலம் அதிகம். மறு டெண்டர்ல அப்பா தோத்தும் போகலாம்.

நோட்டீஸ் நகல், வாடகை ரசீது எல்லாம் எடுத்துக்கிட்டு ஒரு வக்கீலைப் பாருங்க. வாய்ஸ் நோட்ல நீங்க ஒண்ணு மட்டும் சொல்லலை: அந்த ஆளுக்கு ஆர்டர் கொடுத்த தேதி என்ன?